கல், கரி, எலும்பு: எழுத்துக்கு முந்தைய மனிதரின் வாழ்வைத் தொல்லிடத்தில் படிக்கும் முறை

1863 மே 30 அன்று பல்லாவரத்துச் சரளைக் குழி ஒன்றில் நிலவியலாளர் இராபர்ட் புரூஸ் ஃபூட் எடுத்த கல்லாயுதம்தான் இந்தியாவில் பழங்கற்கால மனிதர் வாழ்ந்ததற்குக் கிடைத்த முதல் சான்று. அதைச் செய்தவர் எதைத் தின்றார், கல்லை எங்கிருந்து சுமந்து வந்தார், எவ்வளவு காலத்துக்கு முன்னால் வாழ்ந்தார் என்று அந்த ஒற்றைக் கல்லைப் பார்த்து யாராலும் சொல்ல முடியாது. அதே ஆண்டு செப்டம்பரில் ஃபூட்டும் வில்லியம் கிங்கும் கொசஸ்தலையாற்றுப் படுகையில் அத்திரம்பாக்கத்தைக் கண்டார்கள். அங்கே 1999 முதல் சாந்தி பப்பு, குமார் அகிலேஷ் குழுவினர் அகழ்ந்தபோது கிடைத்தவையும் பெரும்பாலும் அதே குவார்ட்சைட் (கடினமான ஒருவகைப் படிகப் பாறை) கற்கள்தான். ஆனால் அவற்றிலிருந்து காலம், மூலப்பொருள் வந்த வழி, தொழில்நுட்பம் மாறிய விதம் எல்லாம் தெரியவந்தன. ஒவ்வொரு கல்லும் எந்த அடுக்கில், எந்த ஆழத்தில், எதன் பக்கத்தில் கிடந்தது என்பது பதிவாகியிருந்ததே காரணம்.

அந்தப் பதிவை உண்டாக்குவதும், அதிலிருந்து வாழ்க்கையை வாசிப்பதும் எப்படி என்பதைக் கீழே படிப்படியாகப் பார்க்கலாம். அகழாய்வில் சேரப்போகும் மாணவர்களுக்கும் தன்னார்வலர்களுக்கும், அகழாய்வு அறிக்கையைக் கையில் வைத்துக்கொண்டு திணறுபவர்களுக்கும் இது பயன்படும். ஒன்றை முதலிலேயே சொல்லிவிட வேண்டும்: இந்தியாவில் முறையான அனுமதியின்றித் தொல்லிடத்தைத் தோண்டக் கூடாது. மேற்பரப்பில் கிடக்கும் கல்லைக்கூட எடுக்காதீர்கள். படம் எடுத்து, இருப்பிடம் குறித்து, மாவட்டத் தொல்லியல் அலுவலருக்குத் தெரிவித்தால் போதும்.

படி 1: தோண்டாமல் நிலத்தைப் படித்தல்

1:50,000 அளவு நில வரைபடத்தையும் செயற்கைக்கோள் படத்தையும் வைத்துக்கொண்டு ஆறு முன்பு ஓடிய மட்டத்தில் விட்டுச்சென்ற படிமேடுகள், ஓடைக் கரைகள், குகைகள், கல் கிடைக்கும் குன்றுகள் ஆகியவற்றைக் குறியுங்கள். பிறகு வரிசையாக நின்று நடக்க வேண்டும். ஆளுக்கு ஆள் 5 மீட்டர் இடைவெளி நல்லது. 10 மீட்டரைத் தாண்டினால் சிறு சில்லுகள் கண்ணில் படாது. மழை ஓய்ந்து மேல்மண் கழுவப்பட்டு, புல் முளைக்காத நாட்களே ஏற்றவை. காலை வெயில் சாய்வாக விழும்போது கல்லின் வெட்டுத் தழும்புகள் நிழல் கட்டித் தெளிவாகத் தெரியும். உச்சி வெயிலில் எல்லாக் கல்லும் ஒன்றுபோல் இருக்கும்.

மனிதர் உடைத்த கல்லா, தானாக உடைந்ததா என்ற கேள்வி முதல் நாளிலேயே வரும். மனிதர் தட்டிய சில்லில் அடி விழுந்த தட்டையான முகப்பு இருக்கும். அதற்குச் சற்றுக் கீழே உட்பக்கத்தில் ஒரு சிறு புடைப்பு, அதிலிருந்து விரியும் அலைக்கோடுகள், முதுகுப்பக்கத்தில் முன்பே பெயர்த்த சில்லுகளின் தழும்புகள் ஆகியவையும் காணப்படும். ஒரு கல்லில் ஓர் உடைப்பு மட்டும் இருந்தால் நம்ப வேண்டாம். ஒரே திசையில், ஒழுங்கான இடைவெளியில் மூன்று நான்கு தழும்புகள் இருந்தால் கூர்ந்து பார்க்கலாம். தமிழ்நாட்டில் பெரிய தொல்லை ஜல்லி. கிரஷரில் உடைந்த சில்லிலும் புடைப்பு இருக்கும்! ஆனால் அதன் உடைப்பு முகம் புத்தம் புதிதாக, உள்நிறத்தோடு பளிச்சென்று இருக்கும். பழங்கற்காலச் சில்லின் எல்லா முகங்களிலும் காலத்தின் நிறமேற்றம் ஒரே சீராகப் படிந்திருக்கும்.

பழைய சேகரிப்புகளைப் படிப்பவர்கள் கவனிக்க வேண்டியது ஒன்று உண்டு. அந்தக் காலத்தில் அழகான கைக்கோடரிகளைப் பொறுக்கிக்கொண்டு சில்லுகளை விட்டுவிட்டார்கள். அப்படிச் சேர்ந்த அலமாரியைப் பார்த்து, அந்த மனிதர்கள் கைக்கோடரி மட்டுமே செய்தார்கள் என்று முடிவுகட்டினால் அது சேகரித்தவரின் ரசனையைப் பற்றிய முடிவாகத்தான் இருக்கும்.

படி 2: குழி, கட்டம், அடுக்கு

மட்பாண்டக் கால ஊர்களில் 10×10 மீட்டர் குழியை நான்கு கால்குழிகளாகப் பிரித்து, நடுவில் வரப்பு விட்டுத் தோண்டுவது வழக்கம். 1945இல் அரிக்கமேட்டில் தொல்லியலாளர் மார்ட்டிமர் வீலர் பயிற்சி கொடுத்த முறை இங்கே அப்படியே வேரூன்றிவிட்டது. பழங்கற்கால இடத்துக்கு அது போதாது. 1×1 மீட்டர் கட்டங்கள் வேண்டும். ஒவ்வொரு கட்டத்தையும் 5 செ.மீ. கனத்தில் இறக்குங்கள். ஆனால் 5 செ.மீ. என்பது ஒரு வசதிக்கான அளவுதான். நடுவில் மண்ணின் நிறமோ தன்மையோ மாறினால் அங்கேயே நிறுத்தி, புதிய அடுக்காக எண் கொடுங்கள். இரண்டு அடுக்கின் பொருட்கள் ஒரே பையில் விழுந்துவிட்டால் அவற்றைப் பிறகு பிரிக்கவே முடியாது.

தேவையான கருவிகள் கொத்தனார் கரணையில் சிறியது, மூங்கில் குச்சி, தூரிகை, தூக்குக்குண்டு, ரசமட்டம், நூல், நாடா அளவுகோல். டோட்டல் ஸ்டேஷன் (தூரத்தையும் கோணத்தையும் அளக்கும் மின்னணு நில அளவைக் கருவி) இருந்தால் நல்லது. இல்லாவிட்டால் அசையாத ஒரு பாறையிலோ சிமெண்ட் குத்துக்கல்லிலோ மட்டப்புள்ளி வைத்து, மட்டக்குழாயால் ஆழம் எடுக்கலாம், ஒரு செ.மீ. துல்லியம் கிடைக்கும். மட்டப்புள்ளியை மரத்தில் ஆணியடித்து வைக்காதீர்கள்.

2 செ.மீ.க்கு மேற்பட்ட ஒவ்வொரு பொருளுக்கும் கிழக்கு, வடக்கு, ஆழம் என மூன்று அளவுகளோடு, நீளவாக்கு எந்தத் திசையில் கிடக்கிறது, எவ்வளவு சாய்ந்திருக்கிறது என்பதையும் எழுதுங்கள். இந்த இரண்டையும் சோம்பலில் விட்டுவிடுபவர்கள் அதிகம். கற்களெல்லாம் ஒரே திசையில் வரிசை கட்டி நின்றால் தண்ணீர் அவற்றை இழுத்து வந்திருக்கலாம். அப்போது நீங்கள் தோண்டுவது யாருடைய வாழ்விடத்தையும் அல்ல, ஆறு குவித்த குவியலை. ஓரங்கள் மழுங்கியிருப்பதும் சிறு சில்லுகள் அடியோடு இல்லாமல் போவதும் அதற்குத் துணைச் சான்று. அத்திரம்பாக்கத்தின் பழைய அடுக்கு மென்மையான களிமண் படிவு. அவ்வளவு பெரிய கற்களை மெதுவாகப் படிந்த களிமண் தானாகக் கொண்டுவராது. மனிதர் கொண்டுவந்து போட்டிருக்க வேண்டும். இந்த வாதத்துக்கு அடிப்படை கற்களைவிட மண்தான்.

மண் நிறத்தை, நிறங்களுக்கு எண் கொடுத்திருக்கும் மன்செல் நிற அட்டையில், லேசாக ஈரப்படுத்திய பிறகே ஒப்பிடுங்கள். காய்ந்த மண்ணும் ஈர மண்ணும் இரண்டு எண் காட்டும்.

அடுக்குகளைக் கெடுப்பவை எலி வளை, கரையான் புற்று, மர வேர், பிற்காலத்தவர் வெட்டிய குழி. மேலிருந்து இறங்கிய குழியின் விளிம்பைத் தவறவிட்டால், 3,000 ஆண்டுக் கரி 30,000 ஆண்டு அடுக்கின் பையில் போய்ச் சேரும். ஒவ்வோர் இறக்கத்துக்கும் பிறகு தரையைக் கரணையால் சீவி, தண்ணீர் தெளித்து, பத்து நிமிடம் விட்டுப் பாருங்கள். வளையும் குழியும் வேறு நிறத்தில் வட்டமாகத் தெரியும். அவற்றின் மண்ணைத் தனியாக எடுத்துத் தனிப் பையில் போட்ட பிறகே மற்ற இடத்தைத் தொட வேண்டும்.

படி 3: சல்லடையும் தண்ணீரும்

வாழ்க்கை பற்றிய சான்றுகளில் பெரும்பகுதி கண்ணுக்குத் தப்பும் அளவில்தான் இருக்கிறது. 5 மி.மீ. சல்லடை மட்டும் வைத்தால் மீன் முள், தவளை எலும்பு, நுண்கற்கருவி, மணி ஆகியவை வெளிமண்ணோடு போய்விடும். பிறகு அறிக்கையில் ‘இவர்கள் மீன் உண்ணவில்லை’ என்று வரும். 5 மி.மீ., அதன் கீழ் 2 மி.மீ. என இரண்டடுக்குச் சல்லடை வையுங்கள். களிமண்ணாக இருந்தால் உலர்சலிப்பு வேலைக்காகாது. நீரில் கரைத்துச் சலிக்க வேண்டும்.

தானியத்துக்கு மிதப்பு முறை தேவை. அடுப்பு, சாம்பல் குழி, வீட்டுத் தரை ஒவ்வொன்றிலிருந்தும் 20 முதல் 40 லிட்டர் மண் எடுங்கள். எத்தனை லிட்டர் என்று கட்டாயம் எழுதுங்கள். வாளியில் பாதி தண்ணீர் நிரப்பி, மண்ணைக் கொஞ்சம் கொஞ்சமாகப் போட்டுக் கையால் மெல்லக் கலக்குங்கள். கரிந்த விதைகள் லேசானவை, மேலே வந்துவிடும். அந்த நீரை 0.25 முதல் 0.5 மி.மீ. கண்ணுள்ள துணியில் ஊற்றி வடிகட்டுங்கள். புதிதாக எதுவும் மிதக்காத வரை திரும்பத் திரும்பச் செய்ய வேண்டும். துணியை நிழலில் கட்டி உலர்த்துங்கள். வெயிலில் வேகமாகக் காய்ந்தால் கரி விரிசல் விட்டுப் பொடியாகும், வேலையெல்லாம் வீண். கரியாகாத விதை கிடைத்தால் சந்தேகப்படுங்கள். வெப்ப நாட்டு மண்ணில் கரியாகாத விதை ஆயிரக்கணக்கான ஆண்டு தாங்காது. எறும்பு போன ஆண்டு கொண்டுவந்ததாகத்தான் இருக்கும்.

இதனால் என்ன கிடைக்கும் என்பதற்குக் கர்நாடக, ஆந்திரப் புதிய கற்கால ஊர்களே சாட்சி. சங்கனகல்லு, ஹள்ளூர் போன்ற இடங்களில் தொல்தாவரவியலாளர் டோரியன் ஃபுல்லரும் உடன் ஆய்ந்தவர்களும் மண்ணை மிதக்கவிட்டுப் பார்த்தபோது கொள்ளும் பச்சைப்பயறும் சிறுதானியங்களும் முதன்மை உணவாக இருந்தது தெரிந்தது. குலசாமை அவற்றில் முக்கியமானது. கோதுமை, பார்லி பிறகு வந்து சேர்ந்தவை. சல்லடை மட்டும் வைத்துத் தோண்டிய காலத்தில் இதே ஊர்களிலிருந்து கற்கோடரியும் பானை ஓடும் மாட்டெலும்பும்தான் பெரும்பாலும் எழுதப்பட்டன. தானியத்தை மட்டும் எண்ணினால் போதாது. உமி, களை விதை, கதிர்த் துண்டு அதிகம் இருந்தால் அந்த இடத்தில் புடைத்திருக்கிறார்கள்; சுத்தமான தானியம் மட்டும் இருந்தால் அது சமைத்த இடமோ சேமித்த இடமோ ஆகலாம்.

சாம்பலையும் வெறும் சாம்பல் என்று தள்ளிவிடக் கூடாது. பெல்லாரி, ராய்ச்சூர்ப் பக்கத்துச் சாம்பல் மேடுகளைப் பற்றி ஊர்க்கதைகள் உண்டு. ஹம்பிக்கு அருகில் நிம்பாபுரத்து மேட்டை வாலியை எரித்த இடம் என்பார்கள். அவை எரிந்த மாட்டுச் சாணம் என்று 19ஆம் நூற்றாண்டிலேயே கருதியவரும் நம் ஃபூட்தான். பிறகு உட்நூரில் ரேமண்ட் ஆல்ச்சின் அகழ்ந்தபோது மாட்டுக் குளம்படிகளும் பட்டி அடைத்த கம்புக்குழிகளும் வெளிப்பட்டன. மாடுகளை அடைத்து, சாணத்தைக் குவித்து, அவ்வப்போது எரித்த மக்களின் வாழ்க்கை, எல்லாரும் மிதித்துக்கொண்டு போன சாம்பலுக்குள் இருந்தது.

படி 4: கற்களைப் பிரித்து எண்ணுதல்

கழுவுவதற்கு முன் நிறுத்துங்கள். ஓரத்தில் மாவுச்சத்து, பிசின், இரத்தம் போன்ற எச்சம் தேடப் போகிறீர்கள் என்றால் அந்தக் கற்களைக் கையுறை அணிந்து, மண்ணோடு தனிப் பையில் வையுங்கள். பவுடர் தடவிய கையுறை வேண்டாம். அந்தப் பவுடரே மாவுச்சத்தாக இருக்கலாம். மீதியை மென்மையான தூரிகையால் கழுவலாம்.

பிறகு எல்லாவற்றையும் மேசையில் பரப்பி நான்காகப் பிரியுங்கள்: மேல்தோல் (கல்லின் இயற்கையான வெளிப்பரப்பு) முழுதும் மூடிய சில்லுகள், கொஞ்சம் தோல் உள்ளவை, தோலே இல்லாதவை, மூலக்கற்கள் (சில்லுகளைப் பெயர்த்தெடுத்த கற்கள்). முடிந்த கருவிகளைத் தனியாக வையுங்கள். ஒவ்வொரு வகையிலும் எண்ணிக்கை, எடை இரண்டையும் எழுதுங்கள். எண்ணிக்கை மட்டும் எழுதினால் ஒரு பெரிய சில்லு ஏழு துண்டாக உடைந்தது ஏழாகிவிடும்.

இந்த விகிதத்தில்தான் நடமாட்டம் தெரிகிறது. எல்லா வகையும் இருந்தால் கல்லைக் கொண்டுவந்து இங்கேயே முழு வேலையும் செய்திருக்கிறார்கள். மூலக்கல்லும் தோல் சில்லும் குறைவாகவும், முடிந்த கருவிகளும் மெல்லிய சீர்செய்த சில்லுகளும் மிகுந்தும் இருந்தால், முதல் உடைப்பு வேறெங்கோ நடந்திருக்கிறது. அத்திரம்பாக்கத்தின் கீழடுக்கு இந்த இரண்டாம் வகை. பெரிய சில்லுகளை வெளியே பெயர்த்து, சுமந்து வந்து, இங்கே செதுக்கி முடித்திருக்கிறார்கள். தேவை வருவதற்கு முன்பே எடையைத் தூக்கிக்கொண்டு நடந்தவர்கள் என்பது பொருள். 15 லட்சம் ஆண்டுக்கு முந்தைய மூளைக்கு இது சிறிய வேலை இல்லை.

நேரம் இருந்தால் சில்லுகளை ஒன்றோடொன்று பொருத்திப் பாருங்கள். வாரக்கணக்கில் பொறுமை வேண்டும். ஆனால் ஒரு சில்லு பொருந்தினாலே அவை கிடந்த இடம் பெரிதாகக் கலையவில்லை என்று தெரிந்துவிடும். இங்கிலாந்தின் பாக்ஸ்குரோவில், ஏறத்தாழ 5 லட்சம் ஆண்டுக்கு முன் ஒரு குதிரையை அறுத்த இடத்தைச் சுற்றிக் கிடந்த சில்லுகளை இப்படிப் பொருத்தித்தான், யார் எங்கே உட்கார்ந்து கல் தட்டினார் என்பதுவரை போக முடிந்தது.

ஓரத்தின் கோணத்தையும் அளந்துவிடுங்கள். 30 பாகையை ஒட்டிய ஓரம் அறுக்கும், 60 பாகைக்கு மேற்பட்டது தோலையும் மரத்தையும் சுரண்டத் தாங்கும். இது சாத்தியம்தான், சான்றாகாது. உண்மையில் எதற்குப் பயன்பட்டது என்பதை நுண்ணோக்கியில் தெரியும் தேய்மானமும் மெருகும்தான் சொல்லும். புல்லும் கதிரும் அறுத்த ஓரத்தில் சிலிக்கா மெருகு வெறுங்கண்ணுக்கே மின்னும். குவார்ட்சைட்டில் படிகத் துகள்கள் பெரிதாக இருப்பதால் மெருகைப் பார்ப்பது கடினம். சென்னை வட்டாரத்துக் கற்களை வைத்துப் பயன்பாடு பற்றி அளந்து பேச வேண்டியிருப்பது இதனால்தான்.

படி 5: எலும்பும் பல்லும்

முதலில் இனம், பிறகு எந்த எலும்பு, இடமா வலமா. எலும்புத் துண்டுகளின் எண்ணிக்கையை விலங்குகளின் எண்ணிக்கை என்று எழுதிவிடக் கூடாது. ஒரு மான் இனத்தின் இடது மேற்கால் எலும்பு 4, வலது 6 கிடைத்தால் குறைந்தது 6 மான்கள், 10 அல்ல.

வெட்டுத் தழும்பு கத்தியால் கீறியதுபோல ‘வி’ வடிவப் பள்ளமாக, உள்ளே நுண்கோடுகளோடு இருக்கும். மூட்டுக்கு அருகில் இருந்தால் உறுப்பைப் பிரித்திருக்கிறார்கள், தண்டில் இருந்தால் சதை சீவியிருக்கிறார்கள். மாடுகள் மிதித்துச் சரளையில் உரசிய கோடுகள் திக்குத்திசை இல்லாமல் மேலோட்டமாக ஓடும். முள்ளம்பன்றி கொறித்த இடம் அகலமான இணைப் பள்ளங்களாக இருக்கும். நம் குகைகளில் இதுவே அதிகம் ஏமாற்றும். எரிந்த எலும்பு முதலில் பழுப்பாகி, கறுத்து, சாம்பல் நிறமாகி, நெருப்பு நீடித்தால் வெண்மையாகும். கறுத்த எலும்பைக் கண்டதும் வறுத்துத் தின்றார்கள் என்று எழுதிவிடாதீர்கள். தின்றபின் அடுப்பில் எறிந்ததாகவோ, பழைய எலும்பின் மேலே அடுப்பு மூட்டியதாகவோ இருக்கலாம். மாங்கனீசுக் கறையும் கறுப்புதான்.

எலும்பை நன்றாகப் படித்தால் எவ்வளவு தூரம் போகலாம் என்பதற்கு இலங்கையின் களுத்துறை மாவட்டத்து ஃபா ஹியன் குகை சிறந்த எடுத்துக்காட்டு. ஏறத்தாழ 48,000 ஆண்டுகளுக்கு முன்பே மனிதர் தங்கத் தொடங்கிய மழைக்காட்டுக் குகை அது. அங்கே கிடைத்த எலும்புகளில் பெரும்பகுதி குரங்குகளும் அணில்களும். மர உச்சியில் ஓடும் இவ்வளவு விலங்குகளை ஈட்டியால் பிடிக்க முடியாது. கூடவே குரங்கெலும்பில் செய்த கூர்முனைகள் கிடைத்தன; அவற்றின் அடிபட்ட உடைவுகள் அவை வேகமாக எய்யப்பட்டதைக் காட்டின. வில்லும் அம்பும் இருந்திருக்க வேண்டும் என்ற முடிவுக்கு அப்படித்தான் வந்தார்கள். மரவில் ஒன்றுகூடக் கிடைக்கவில்லை. மழைக்காடு மனிதருக்கு ஒத்துவராத இடம் என்ற பழைய எண்ணம் இந்த அணிலெலும்புகள் போன்ற சான்றுகளால் உடைந்தது.

மனித எலும்பு கிடைத்தால் வேலையை நிறுத்திவிட்டு உடற்கூறு மானிடவியலாளரை அழையுங்கள். டி.என்.ஏ. மாதிரி எடுப்பதாக இருந்தால் முகக்கவசம், கையுறை இல்லாமல் யாரும் கிட்டே போகக் கூடாது. தண்ணீரும் ஊற்றக் கூடாது. வெப்ப நாட்டில் எலும்பிலுள்ள கொலாஜன் என்ற புரதம் பெரும்பாலும் அழிந்துவிடுகிறது. பல்லின் எனாமல் தாங்கும். அதிலுள்ள கரிம ஐசோடோப்பு (ஒரே தனிமத்தின் வெவ்வேறு எடையுள்ள அணுக்கள்) விகிதம், ஒருவர் உணவு மூடிய காட்டிலிருந்து வந்ததா, திறந்த புல்வெளியிலிருந்தா என்று காட்டும்; நெல்லையும் சிறுதானியத்தையும்கூடப் பிரித்துக் காட்டும். முதல் கடைவாய்ப்பல்லின் எனாமல் பிறப்பிலிருந்து ஏறத்தாழ மூன்று வயதுக்குள் உருவாகி அதோடு நின்றுவிடுகிறது. ஆகவே அதிலுள்ள ஸ்ட்ரான்ஷியம் என்ற தனிமத்தின் ஐசோடோப்பு விகிதம் குழந்தைப்பருவ நிலத்தின் பாறையைச் சொல்லும். அது புதைந்த இடத்துப் பாறையோடு பொருந்தாவிட்டால் அவர் வெளியூரில் பிறந்தவர். ஒப்பிட உள்ளூர் எலி, நத்தை, செடி ஆகியவற்றின் அளவும் எடுத்திருக்க வேண்டும். இதைச் செய்யாமல் ‘வந்தேறி’ என்று எழுதிய வாக்கியத்துக்கு மதிப்பு கிடையாது.

பல்லின் மேல் குறுக்கே ஓடும் பள்ளக்கோடுகள் சிறுவயதுப் பஞ்சத்தையோ நோயையோ குறிக்கும். பலுசிஸ்தானத்து மெஹர்கரில் 7,500 முதல் 9,000 ஆண்டுகளுக்கு முந்தைய ஒன்பது பேரின் பதினொரு கடைவாய்ப் பற்களில் கல்முனையால் துளையிட்டிருந்தார்கள். துளையின் விளிம்பு மெல்லும்போது தேய்ந்திருந்ததால், துளையிட்ட பிறகும் அவர்கள் உயிரோடு சாப்பிட்டிருக்கிறார்கள். மணிகளுக்குத் துளையிட்ட அதே கைத்திறன் வாய்க்குள்ளும் போயிருக்கிறது.

படி 6: காலம் குறித்தல்

கரிம முறை (கரிமம் 14 சிதைவதை அளப்பது) 50,000 ஆண்டு வரைதான். மாதிரியைச் சுத்தமான கரணையாலோ இடுக்கியாலோ எடுத்து அலுமினியத் தாளில் மடியுங்கள். பஞ்சிலும் காகிதத்திலும் சுற்றினால் அவற்றின் கரிமம் ஒட்டும். பெரிய மரக்கரியைவிட ஒற்றை விதை மேல். நூறாண்டு நின்ற மரத்தின் உள்வைரத்தை எரித்திருந்தால், தேதி அடுப்பு மூட்டிய நாளைவிட நூறாண்டு மூப்பாக வரும்.

ஒளிமுறையில் மணல் கடைசியாக வெயில் பார்த்த நாளை அளக்கிறோம். 5 செ.மீ. விட்டமும் 20 முதல் 30 செ.மீ. நீளமும் உள்ள எஃகுக் குழாயைச் சீவிய மண்சுவரில் கிடையாக அடித்து இறக்கி, இரு முனையையும் கறுப்பு நாடாவால் அடையுங்கள். மண் குழாயில் இறுக்கமாக நிறைந்திருக்க வேண்டும். வழியில் குலுங்கினால் வெளிச்சம் பட்ட முனை மண் உள்மண்ணோடு கலந்துவிடும். பக்கத்து மண்ணை ஈரம் போகாமல் தனிப்பையில் கட்டுங்கள். ஈரத்தைத் தவறாக மதிப்பிட்டால் காலமும் தவறும்.

இதற்கும் மூத்த இடங்களில் அத்திரம்பாக்கம்போல, குவார்ட்சில் விண்கதிர் உண்டாக்கிய அலுமினியம் 26, பெரிலியம் 10 விகிதத்தைப் பார்ப்பார்கள். கல் புதைந்ததும் உற்பத்தி நின்று, இரண்டும் வெவ்வேறு வேகத்தில் சிதையும். அங்கே இதையும் மண்ணின் காந்தத் திசையையும் சேர்த்து 2011இல் சராசரியாக 15.1 லட்சம் ஆண்டு என்று அறிவித்தார்கள்.

எண்ணைப் படிக்கவும் பழக வேண்டும். அதே இடத்தின் இடைப் பழங்கற்காலத் தொடக்கத்துக்கு 2018இல் வந்த காலம் 3,85,000 ± 64,000. நாளிதழ்கள் முன்பாதியை மட்டும் அச்சிட்டன. உண்மையில் 3,21,000க்கும் 4,49,000க்கும் இடையில் எங்கேனும் இருக்க மூன்றில் இரண்டு பங்கு வாய்ப்பு என்பதே அதன் பொருள்.

படி 7: சான்றிலிருந்து கூற்றுக்கு

உணவும் தொழில்நுட்பமும் ஓரளவு நேராகத் தெரியும். உறவும் நம்பிக்கையும் அப்படி இல்லை. ஈராக்கின் ஷானிதார் குகையில் இரண்டு நியாண்டர்தால் எலும்புக்கூடுகள் இதற்கு நல்ல பாடம். ஒருவருக்கு வலக்கை சூம்பி, முகத்தில் பழைய அடிபட்ட காயம் ஆறியிருந்தது. அந்த நிலையில் அவர் பல்லாண்டு வாழ்ந்ததை ஆறிய எலும்பே காட்டுகிறது. மற்றவர்கள் உதவியிருக்க வேண்டும் என்ற ஊகம் வலுவானது. இன்னொருவரைச் சுற்றிப் பூந்தாதுக் கொத்துகள் இருந்ததால் பூத்தூவிப் புதைத்தார்கள் என்று உலகமே பேசியது. பிறகு அந்தத் தாதுவை வளை தோண்டும் எலிகளோ மண்ணில் கூடுகட்டும் தேனீக்களோ கொண்டுவந்திருக்கலாம் என்று காட்டினார்கள். முதல் கூற்று நின்றது, இரண்டாவது ஆட்டம் கண்டது. படி 2இல் சொன்ன எலி வளை ஞாபகம் இருக்கட்டும்.

ஒவ்வொரு கூற்றையும் எழுதியவுடன், ‘இதே சான்று வேறெப்படி உண்டாகியிருக்கும்?’ என்று குறைந்தது இரண்டு வழி எழுதிப் பாருங்கள். தண்ணீர், விலங்கு, பிற்காலக் குழி, தோண்டியவரின் சல்லடை ஆகிய நான்கையும் விலக்கிய பிறகு மிஞ்சுவதை மட்டும் அறிக்கையில் சேருங்கள்.

குழியை மூடும்போது

இடத்தில் ஒரு பகுதியைத் தொடாமல் விடுங்கள். மிதப்பு முறை வருவதற்கு முன் முழுதாகத் தோண்டித் தீர்த்த இடங்களில் இன்று தானியம் தேட மண்ணே இல்லை. குழியின் அடியில் நெய்த பிளாஸ்டிக் விரிப்பு போட்டு, அதன்மேல் ஒரு கை ஆற்றுமணல் பரப்பி, பிறகு மண் தள்ளுங்கள். அடுத்து வருபவருக்கு நீங்கள் நிறுத்திய மட்டம் தெரியும். ஒவ்வொரு பையிலும் இரண்டு சீட்டு, ஒன்று உள்ளே, ஒன்று வெளியே, இரண்டிலும் இடம், கட்டம், அடுக்கு, ஆழம், தேதி. பென்சிலில் எழுதுங்கள். ஒரு மழைக்காலத்துக்குள் பேனா மை கரைந்துவிடும்.